அழித்து எழுதும் மஞ்சள்

சித்திரையில் வீரபாண்டித் திருவிழாவுக்காக அக்கா மகன் போடிக்கு வந்திருந்தான். சென்னையில் கணினி விளையாட்டுகளுக்கு உருவம் வரைந்து கொடுப்பது அவன் வேலை. லீவிலும் வேலை அவனை விடவில்லை. குரங்கணி மலையைப் பார்த்தபடி மொட்டை மாடியில் உட்கார்ந்து, டேப்லெட்டில் ஓர் அரக்கன் முகத்துக்கு வண்ணம் கொடுத்துக்கொண்டிருந்தான். வெள்ளை முகம். கண்ணோரத்தில் கிளம்பி நெற்றிக்கு ஏறும் இரண்டு சிவப்புக் கோடுகள், கன்னத்தில் சுழித்து இறங்கும் இன்னொன்று.

"மாமா, மூஞ்சியில பூசுற பெயிண்ட்டுக்குத் தமிழ்ல என்ன பேரு?"

"அரிதாரம்."

"அது மேக்கப்புக்குப் பேருல்ல? நான் கேக்குறது அந்தக் கலருக்கு."

"கலருக்குத்தான்டா முதல்ல அந்தப் பேரு. மேக்கப்புக்கு அப்புறம் வந்துச்சு."

அவன் நம்பவில்லை. அவனுக்குச் சொல்லத் தொடங்கியதைத்தான் இங்கே கொஞ்சம் விரித்து எழுதுகிறேன்.

'அரிதாரம் பூசிக்கொண்டார்' என்று பத்திரிகையில் படித்தால் ஒருவர் நடிக்க வந்துவிட்டார் என்று புரிந்துகொள்கிறோம். எதைப் பூசிக்கொண்டார் என்று யாரும் கேட்பதில்லை. அரிதாரம் ஒரு கல். கந்தகமும் ஆர்சனிக்கும் கூடிய மஞ்சள் கனிமம். தகடு தகடாகப் பிரியும், உடைத்த இடத்தில் பொன்போல மின்னும். சித்த மருத்துவர்கள் இதைத் தாளகம் என்பார்கள். இதன் உடன்பிறப்பான சிவப்புக் கல் மனோசிலை. இரண்டையும் அவர்கள் பாஷாண வரிசையில் வைத்திருக்கிறார்கள். பாஷாணம் என்றால் நஞ்சு. அதையே சுத்தி செய்து மருந்தாக்குவதும் அவர்கள் கலை.

சமஸ்கிருதத்தில் இந்தக் கல்லின் பெயர் ஹரிதாலம். ஹரித என்ற சொல் மஞ்சளையும் குறிக்கும், பச்சையையும் குறிக்கும். சமையலறை மஞ்சளுக்கு அங்கே ஹரித்ரா என்று பெயர். அந்த மொழி பேசியவர்கள் மஞ்சளுக்கும் பச்சைக்கும் நடுவில் கோடு கிழிக்காத ஒரு காலத்தைச் சொல் தனக்குள் வைத்திருக்கிறது. தமிழுக்கு வரும்போது ஹகரம் உதிர்ந்தது. ஹனுமன் அனுமன் ஆனதும் அப்படித்தான். லகரம் ரகரமானது நம் நாவுக்குப் புதிதல்ல. பந்தல் பந்தராகும், சாம்பல் சாம்பராகும், குடல் குடராகும். இலக்கணம் இதைப் போலி என்று வகுத்து வைத்திருக்கிறது. ஹரிதாலம் இப்படி அரிதாரம் ஆயிற்று.

வந்த சொல்லைத் தமிழன் சும்மா விடுவானா? அரி என்றால் திருமால், தாரம் என்றால் மனைவி, ஆகவே அரிதாரம் திருமகள் என்று பிரித்துப் பொருள் சொன்னவர்களும் உண்டு. அழகான பிரிப்புதான். மேடைக்காரனின் அரிதாரத்துக்கும் அதற்கும் மட்டும் உறவில்லை.

மேற்கே போனால் இதே கல் வேறொரு பெரிய வேலை செய்திருக்கிறது. ஈரானிய மொழிகளில் பொன்னிறத்தைக் குறிக்கும் சொல்லிலிருந்து இந்தக் கல்லுக்கு ஒரு பெயர் பிறந்து, சிரியாக் மொழி வழியாகக் கிரேக்கத்துக்குப் போய், அங்கே ஆர்செனிகோன் ஆனது. வேதியியல் வகுப்பில் நாம் படிக்கும் ஆர்சனிக் என்ற தனிமத்தின் பெயர் அதுதான். ஒரு நச்சுத் தனிமம் முழுவதற்கும் நம் அரிதாரக் கல்லின் பெயரே நிலைத்துவிட்டது. லத்தீனில் இதையே பொன்வண்ணம் என்ற பொருளில் அவ்ரிபிக்மெண்டும் என்றார்கள். ஆங்கிலத்து ஆர்ப்பிமெண்ட் அதிலிருந்து வந்தது. கிழக்கிலும் மேற்கிலும் பெயர் வைத்தவர்கள் கண்டது அதன் நிறத்தைத்தான். நஞ்சு யார் பெயரிலும் ஏறவில்லை.

வட இந்தியாவில் இந்தச் சொல் எடுத்த வழிதான் என்னை அதிகம் பிடித்து வைத்தது. அங்கே சுவடி எழுதுகிறவர்கள் எழுத்துப் பிழையாகிவிட்டால் அதன்மேல் அரிதாரக் குழம்பைத் தடவி மறைத்து, காய்ந்ததும் அதற்கு மேலேயே சரியான எழுத்தை எழுதினார்கள். இந்தியில் ஹர்தால் தடவுவது என்றால் எழுதியதை அழிப்பது, ஒன்றை இல்லாமல் ஆக்குவது. பழைய ஏடுகளில் அந்த மஞ்சள் திட்டுகளை இன்றும் பார்க்கலாம். பள்ளிப் பிள்ளைகள் வைத்திருக்கும் வெள்ளைத் திரவத்துக்குப் பல நூறு ஆண்டுகள் மூத்த அண்ணன் அது.

ஹர்தால் என்றதும் போடிக்காரர்களுக்கு வேறொரு நினைவு வரும். கேரளத்தில் ஹர்த்தால் என்றால் போடிமெட்டுக்கு மேல் வண்டி ஓடாது. விடியற்காலையில் ஏலக்காட்டு வேலைக்கு ஆள் ஏற்றும் ஜீப்புகள் நின்றுவிடும், அன்றைய கூலி போய்விடும். அந்த ஹர்த்தால் குஜராத்தியிலிருந்து வந்தது. ஹாட் என்றால் கடை, தாளு என்றால் பூட்டு. கடைக்குப் பூட்டு என்பதே அதன் பொருள். மஞ்சள் கல்லுக்கும் அதற்கும் ஒட்டுமில்லை, உறவுமில்லை. ஒலி ஒன்றானால் வேரும் ஒன்றாகிவிடாது என்பதை எங்கள் ஊர்க்காரனுக்குப் பாடம் எடுக்க வேண்டியதில்லை. இங்கே தினமும் ஏலம் ஏலம் போகிறது. மலையில் விளையும் ஏலம் இந்த மண்ணின் பழைய சொல். நறுமணப் பொருள் வாரியத்தின் மையத்தில் திரையைப் பார்த்து விலை கூவாமல் கூவும் ஏலம், லெய்லாவ் என்ற போர்ச்சுக்கீசியச் சொல்லின் பேரப்பிள்ளை. இரண்டும் ஒரே சாக்கில் கிடக்கின்றன.

அழிப்பதற்கு வருகிறேன். நாடகக்காரன் அரிதாரத்தைத் தேங்காய் எண்ணெயில் குழைத்து முகம் முழுக்கப் பூசுவான். அதுதான் அடிப்பூச்சு. அம்மைத் தழும்பும் வெயில் கருப்பும் அவனுடைய சொந்த முகத்துக்கு உரிய எல்லாமும் அதற்குள் போய்விடும். பிறகுதான் முத்துவெள்ளை, செந்தூரம், கரி. சுவடிக்காரன் செய்ததும் இதுதானே? அவன் எழுத்தை அழித்து எழுத்து எழுதினான். இவன் முகத்தை அழித்து முகம் எழுதுகிறான். 'முகம் எழுதுவது' என்று பழைய நடிகர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். பொட்டு எழுதுவது, மை எழுதுவது என்று நம் வீட்டுப் பெண்கள் சொல்வதும் அதே வழக்குத்தான்.

எழுதிய முகத்தைப் படிக்க ஊருக்குத் தெரியும். எங்கள் பக்கத்துத் திருவிழாக்களில் விடிய விடிய வள்ளி திருமணமும் அரிச்சந்திரா மயான காண்டமும் நடக்கும். ராஜபார்ட், ஸ்திரீபார்ட், கள்ளபார்ட், பபூன் என்று வேடங்களுக்கு வகைப் பெயர் உண்டு. பார்ட் ஆங்கிலச் சொல்லானாலும் வகுத்த முறை நம்முடையது. அந்த நாடகங்களை எழுதி ஒழுங்கு செய்த சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) முதலில் நடிகர். எமன், சனீஸ்வரன் போன்ற உக்கிர வேடங்கள் அவருக்கு. அவர் கட்டிய எமன் வேடத்தைப் பார்த்த அதிர்ச்சியில் கர்ப்பிணி ஒருத்திக்குக் கரு கலைந்தது என்றும், சனீஸ்வரன் வேடத்தைக் கலைக்க விடியலில் நீர்நிலைக்குப் போனபோது எதிரில் வந்த பெண் பயந்தே உயிர் விட்டாள் என்றும் நாடக உலகம் வழிவழியாகச் சொல்லிவருகிறது. அதற்குப் பிறகு அவர் வேடம் கட்டுவதை விட்டார், ஆசிரியர் ஆனார். 1918இல் மதுரையில் அவர் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் பயின்ற பிள்ளைகள்தான் பின்னாளில் டி.கே.எஸ். சகோதரர்களாக வளர்ந்தார்கள். எழுதிய முகம் பார்த்தவளைக் கொல்லும் என்று ஓர் ஊர் நம்பியது என்றால், அந்த வண்ணத்தை அது எவ்வளவு கூர்மையாகப் படித்திருக்க வேண்டும்!

மலையேறி இறங்கினால் குமுளி, தேக்கடி. அங்கே மாலை நேரங்களில் சுற்றுலாப் பயணிகளுக்காகக் கதகளி நடக்கிறது. சற்று முன்னாலேயே போனால் ஒப்பனையையும் உட்கார்ந்து பார்க்கலாம். நான் கூத்தைவிட அதைத்தான் அதிக நேரம் பார்த்திருக்கிறேன். நம் அரிதாரத்தின் இடத்தில் அவர்கள் மனையோலை என்ற மஞ்சளை வைத்திருக்கிறார்கள். கல்லில் தேங்காய் எண்ணெய் விட்டு அரைக்கிறார்கள். அதில் நீலத்தைச் சேர்த்தால் பச்சை. ராமன், கிருஷ்ணன், அர்ஜுனன், நளன் என்று நல்லவர்களுக்கு அந்தப் பச்சை முகம். வேடத்தின் பெயரே பச்சைதான். ராவணனும் துரியோதனனும் கத்தி வேடம். அதே பச்சை முகத்தில் கத்தி போல வளைந்த சிவப்பு ஏறியிருக்கும், மூக்கு நுனியிலும் நெற்றியிலும் வெள்ளை உருண்டை இருக்கும். பிறப்பால் உயர்ந்தவன், ஆனால் கெட்டுவிட்டான் என்பதை ஒரு வாய்ச்சொல் இல்லாமல் அந்த முகம் சொல்லிவிடுகிறது. ஹரித என்ற சொல் மஞ்சளையும் பச்சையையும் பிரிக்காமல் வைத்திருந்ததை மேலே சொன்னேன். மஞ்சள் கல்லிலிருந்து பச்சை முகம் எழும்புவதைப் பார்த்தபோது அந்தப் பழைய சொல் என் கண்முன் கரைந்து கலந்ததுபோல இருந்தது.

எங்கள் ஊரில் ஏலக்காய் வியாபாரியும் பச்சையைப் படிக்கிறவர்தான். தட்டில் கொட்டிய காயில் முதலில் பார்ப்பது பருமனையும் நிறத்தையும். ஸ்டோர் என்ற உலர்கூடத்தில் உலர்த்தும்போது சூடு கூடிப் பச்சை வெளுத்தால் விலை இறங்கிவிடும். மலையின் இரண்டு சரிவிலும் பச்சை என்றால் உயர்வு.

அக்கா மகன் வரைந்த சிவப்புக் கோடுகள் இந்த இரண்டு சரிவுக்கும் உரியவை அல்ல. அவை ஜப்பானின் கபுகி மேடையிலிருந்து வந்தவை. கபுகி என்ற பெயரின் கதையும் நம் அரிதாரக் கதை போன்றதே. இன்று அதைப் பாட்டு, ஆட்டம், திறன் என்று மூன்று எழுத்துகளால் எழுதுகிறார்கள். அவை பிறகு பொருத்தி வைத்த எழுத்துகள். உண்மையான வேர் கபுகு, அதாவது சாய்தல், கோணுதல். பதினேழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் விநோத உடையோடு ஊரின் ஒழுங்குக்குக் கோணலாகத் திரிந்த இளைஞர்களைக் கபுகிமோனோ என்றார்கள். 1603 வாக்கில் இசுமோ நோ ஒகுனி என்ற பெண் கியோத்தோவில் அவர்களைப்போல ஆண் வேடமிட்டு ஆடினாள். ஆட்டத்துக்கு அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. நம் கோமாளிக்குக் கோணங்கி என்றொரு பெயர் உண்டு. கோணலை அந்தச் சொல்லில் காது கேட்டுவிடுகிறது. கபுகியைத் தமிழில் ஒரே சொல்லில் சொல்லச் சொன்னால் நான் கோணங்கி என்றுதான் சொல்வேன். பெண் தொடங்கிய கலையில் 1629இல் பெண்களுக்குத் தடை வந்தது. ஆண்களே ஸ்திரீபார்ட் கட்டினார்கள். அதற்கு ஒன்னகத்தா என்று பெயர்.

கபுகியின் முகக்கோட்டுக்குப் பெயர் குமதோரி. குமா என்றால் நிழல், தோரி என்றால் எடுத்தல். முகத்தின் நிழலை எடுத்து எழுதுவது. கோடுகள் மனம்போன போக்கில் ஓடுவதில்லை. முகத்துத் தசையும் நரம்பும் எங்கே முறுக்கேறுமோ அங்கேதான் ஓடும். சிவப்பு வீரத்துக்கும் நீதிக்கும் இளமைக்கும் உரியது. நீலம் கொடிய பிரபுவுக்கும் ஆவிக்கும். பழுப்பு அசுரர்களுக்கும் மனிதரல்லாத பிறவிகளுக்கும். 1673இல் எடோ நகரத்து மேடையில் பதின்ம வயதுப் பையனாக இருந்த முதலாம் இச்சிகாவா தான்ஜூரோ முகத்தைச் சிவப்பும் கறுப்புமாக எழுதிக்கொண்டு வந்ததை இதன் தொடக்கமாகச் சொல்கிறார்கள். அங்கும் அடிப்பூச்சு அழிப்பதற்குத்தான். ஒஷிரோய் என்ற வெள்ளை சொந்த முகத்தை முழுக்க மூடும். அங்கும் அதில் நஞ்சு இருந்தது. பழைய ஒஷிரோய் ஈய வெள்ளை. 1887இல் மெய்ஜி பேரரசர் முன்னிலையில் ஆடும்போது நான்காம் நகமுரா ஃபுகுசுகே உடல் நடுங்கத் தடுமாறினார். ஈய நஞ்சு அவர் உடம்பில் ஏறியிருந்தது ஊரறிந்தது. இங்கே ஆர்சனிக், அங்கே ஈயம். தன் முகத்தை அழித்துக்கொள்ள நடிகன் இரண்டு நாட்டிலும் உடம்பால் விலை கொடுத்திருக்கிறான். அரிதாரத்தை லேசாகப் பேசுகிறவர்களைக் கண்டால் எனக்கு இது நினைவுக்கு வரும்.

கபுகி நடிகர்களிடம் இன்னொரு வழக்கம் உண்டு. ஆட்டம் முடிந்து வியர்வையோடு இருக்கும் முகத்தின்மேல் பட்டுத் துணியையோ தாளையோ வைத்து அழுத்தி எடுப்பார்கள். வண்ணக் கோடுகள் அப்படியே அதில் படிந்துவிடும். ஒஷிகுமா என்று பெயர். ரசிகர்கள் அதைச் சட்டம் போட்டு வைத்துக்கொள்வார்கள். அக்கா மகனுக்கு ஒன்றின் படத்தைக் காட்டினேன். கண்ணுக்குக் கண், வாய்க்கு வாய், கன்னம் இரண்டு பக்கமும் விரிந்து தட்டையாகக் கிடந்தது.

"மாமா, இது டெக்ஸ்சர் மேப்பு!" என்றான். குரலே மாறிவிட்டது.

கணினியில் முப்பரிமாண முகம் செய்தால், சாத்துக்குடித் தோலை ஒரே உரியாக உரித்துப் பரப்புவதுபோல அந்த முகத்தின் தோலைத் தட்டையாக விரித்து, அதன்மேல் வண்ணம் எழுதி, மறுபடி உருவத்தின்மேல் போர்த்துவார்களாம். விரித்த தோல் ஒஷிகுமாவைப் போலவே இருக்கும் என்றான். மேடைக்காரர்கள் முகத்திலிருந்து துணிக்கு எடுத்தார்கள். இவர்கள் துணியிலிருந்து முகத்துக்கு ஏற்றுகிறார்கள். விளையாடும் பிள்ளைகள் உருவத்தின் உடையையும் நிறத்தையும் மாற்றுவதற்கு 'ஸ்கின் மாத்துறது' என்பது சும்மா வந்த பேச்சில்லை.

விளையாட்டுகளுக்குக் கபுகி முகம் இவ்வளவு பொருந்தியதற்குக் காரணம் வெளிச்சம். மெழுகுவத்தி வெளிச்சத்தில் கடைசி வரிசைக்காரனும் முகத்தைப் படிக்க வேண்டும் என்பதால் பிறந்த கோடுகள் அவை. எங்கள் பக்கம் பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்துக்கு ராஜபார்ட்டின் மீசை தடித்ததும் அதனால்தான். முதல் கால விளையாட்டுத் திரைகளும் மங்கலான மேடைகளே. விரல் விட்டு எண்ணும் புள்ளிகளுக்குள் முகம் தெரிய வேண்டும். 1981இல் மியாமோத்தோ ஷிகேரு மாரியோவுக்குப் பெரிய மீசை வைத்தது, வாய் வரைய இடம் இல்லாததால். மேடைக்காரன் சிக்கலும் அவர் சிக்கலும் ஒன்று. ஜப்பானிய வரைகலைஞர்களுக்கு விடை வீட்டிலேயே இருந்தது.

இருந்தும் ஒரு முகத்தை என்னால் ஏற்க முடியவில்லை. 1991இல் கேப்காம் நிறுவனம் வெளியிட்ட 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2' விளையாட்டில் ஹோண்டா என்ற சுமோ மல்லன் வருகிறான். கண்ணைச் சுற்றி எழுதிய சிவப்புக் குமதோரி. அதைப் படிக்கத் தெரிந்தவனுக்கு அவன் வலியவன், நல்லவன் என்று உடனே தெரியும். அதே விளையாட்டில் இந்தியனாகத் தல்சிம் வருகிறான். மொட்டைத் தலையில் சிவப்புக் கோடுகள், கழுத்தில் மண்டையோட்டு மாலை. அந்தக் கோடுகள் நான் அறிந்த எந்த மேடையின் வண்ண இலக்கணத்திலும் அடங்காதவை. அவற்றுக்கு எழுத்தின் வடிவம் இருக்கிறது, பொருள் இல்லை. தன் மொழியில் எழுதியவன் அடுத்தவன் மொழிக்கு வரும்போது கிறுக்கி வைத்தான். அவர்களைக் குற்றம் சொல்லி என்ன பயன்? படித்துச் சொல்ல நாம் போகவில்லை. 2006இல் அதே நிறுவனத்திலிருந்து 'ஓகாமி' வந்தபோது குமதோரியின் முழு அழகையும் கண்டேன். சூரிய தெய்வம் வெள்ளை ஓநாயாக வருகிறது. அதன் உடம்பில் சிவப்புக் கோடுகள். சாதாரண மனிதர் கண்ணுக்கு அந்தக் கோடுகள் தெரியாது, வெறும் வெள்ளை ஓநாய்தான் தெரியும். சக்தி போனால் கோடும் போய்விடும். எழுதியிருப்பதே தெய்வம் என்று ஒரு விளையாட்டு சொன்னது.

வீரபாண்டியில் அதற்கு இணையாக ஒன்று இருக்கிறது. கௌமாரியம்மன் திருவிழாவில் தீச்சட்டியும் ஆயிரங்கண் பானையும் எடுப்பவர்கள் நடுவே உடம்பு முழுக்கச் சேறு பூசி வருகிறவர்கள் சேத்தாண்டிகள். சேறும் ஆண்டியும் சேர்ந்த பெயர், பேச்சில் சேற்று சேத்து ஆனது. அதில் கோடும் இல்லை, நிறமும் இல்லை. முல்லையாற்றங்கரையில் தன்னை முழுக்க அழித்துக்கொண்டு, மேலே எதையும் எழுதாமல், அம்மன் முன்னால் நிற்பது. பாதியில் நிறுத்திய அரிதாரம் அது. மேலே எழுதுவதை அவளிடம் விட்டுவிடுகிறார்கள்.

இரவு கோயிலுக்குப் போய்த் திரும்பிய பிறகு அவன் மறுபடி அந்த அரக்கனை எடுத்தான். சிவப்புக் கோடுகளை எல்லாம் நீக்கிவிட்டான். கத்தி வேடத்தின் படங்களையும், எங்கள் ஊர் அரண்மனையில் லட்சுமி விலாசத்துச் சுவரில் எழுதியிருக்கும் ராமாயண ஓவியங்களின் படங்களையும் பக்கத்தில் திறந்து வைத்துக்கொண்டான். ராவணனை அந்தச் சுவரில் எப்படி எழுதியிருக்கிறார்கள், முகத்தில் எது எங்கே ஏன் வருகிறது என்று கேட்டுக்கொண்டே இருந்தான். எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். தெரியாததற்கு மயான காண்டத்தில் முப்பது வருஷம் வேடம் கட்டிய பக்கத்துத் தெருப் பெரியவரிடம் காலையில் போகலாம் என்றேன்.

படம் அடுக்கு அடுக்காக இருக்குமாம். ஒவ்வோர் அடுக்குக்கும் பெயர் வைக்கலாமாம். எல்லாவற்றுக்கும் அடியில் முகம் முழுக்க ஒரே மஞ்சளாக ஓர் அடுக்கைப் போட்டு, அதற்குத் தமிழிலேயே பெயர் எழுதி என்னிடம் நீட்டினான்.

'அறிதாரம்' என்று இருந்தது.

"சின்ன ர போடுடா. அரி."

ஓர் எழுத்தை அழித்துவிட்டு, அதே இடத்தில் இன்னொன்றை எழுதினான்.